நேயர் சந்தேகம்: அமெரிக்கக் குடியேற்ற விசா நேர்முகத்தில் அம்மா என்ன பதில் சொல்ல வேண்டும்?

வணக்கம். நம் சுங்கை சிப்புட்டுக்குப் பக்கத்துத் தோட்டத்திலிருந்து ஒரு சகோதரி எழுதியிருப்பதை முதலில் வாசித்துவிடுகிறேன். "ஐயா, அமெரிக்கக் குடியுரிமை பெற்ற என் அண்ணன், எழுபது வயதைத் தாண்டிய அம்மாவுக்குக் குடியேற்ற விசா கேட்டு மனுச் செய்தார். கோலாலம்பூரில் நேர்முகத்துக்கு நாள் குறித்துவிட்டார்கள். அப்பா காலமாகிவிட்டார். அம்மா தமிழ்ப்பள்ளியில் மூன்றாம் ஆண்டோடு நின்றவர். அதிகாரி என்ன கேட்பார், எந்தப் பதில்களை அம்மா மனப்பாடம் செய்ய வேண்டும்? 'மகனைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்துவிடுவேன்' என்று சொன்னால்தான் விசா கிடைக்கும் என்கிறார் பக்கத்து வீட்டு அக்கா. தீபாவளிக்கு அங்கே இருக்க வேண்டுமென்று அண்ணன் டிக்கெட்டும் எடுத்துவிட்டார்."

அந்தப் பக்கத்து வீட்டு அக்கா சொன்னது என் மனத்தை விட்டு அகலவே இல்லை, ஏனென்றால் நல்ல எண்ணத்தில் சொல்லப்படும் இந்த யோசனை ஊரெங்கும் உலவுகிறது. சுற்றுலா விசாவுக்குப் போகிறவர் திரும்பி வருவார் என்பதை அதிகாரிக்கு நிரூபிக்க வேண்டும். அங்கே அந்தப் பதில் பொருந்தும். உங்கள் அம்மா கேட்டிருப்பதோ அங்கேயே நிரந்தரமாகத் தங்குவதற்கான விசா. நேர்முகம் நடக்கும் அந்தச் சாளரத்தின் முன் நின்று 'வந்துவிடுவேன்' என்றால், "அப்படியானால் குடியேற்ற விசா எதற்கு?" என்ற கேள்வியை அம்மாவே அதிகாரியின் கையில் எடுத்துக் கொடுத்ததாகிவிடும். அம்மாவுக்கு மகனோடு போய்த் தங்க மனமிருந்தால் அதைச் சொல்லட்டும். அந்த மனம் இல்லையென்றால் அதை முதலில் அண்ணனிடம் பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள். நம் வீடுகளில் பெரியவர்களைக் கேட்காமலேயே மனுப் போட்டுவிடும் வழக்கம் உண்டென்பது எனக்குத் தெரியும்.

இனி மனப்பாடத்துக்கு வருகிறேன். அதிகாரி உங்கள் முகத்தைப் பார்ப்பதற்கு முன்பே உங்கள் காகிதங்களைப் பார்த்துவிடுகிறார் என்று இந்த ஒளிவழியில் நான் சொல்லிச் சொல்லி உங்களுக்குச் சலித்திருக்கும். இருந்தாலும் இன்னொரு முறை சொல்லத்தான் போகிறேன். அம்மாவின் நேர்முகம், அண்ணன் ஐ-130 மனுவை நிரப்பிய நாளிலேயே தொடங்கிவிட்டது. அதன் பிறகு டிஎஸ்-260 என்ற இணையப் படிவத்தில் பதினாறு வயது முதல் குடியிருந்த முகவரிகள், பெற்றோர் பெயர்கள், பெற்ற பிள்ளைகள் அனைவரின் பெயர்கள் என்று எல்லாவற்றையும் எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள். ஆகவே "என்ன கேட்பார்கள்?" என்பதைவிட, "நாங்கள் கொடுத்த காகிதங்கள் அம்மாவைப் பற்றி என்ன சொல்லிக்கொண்டிருக்கின்றன?" என்று நீங்கள் கேட்டிருந்தால் நான் இன்னும் மகிழ்ந்திருப்பேன். அந்தப் படிவத்தை அச்சடித்து, ஒரு மாலை வேளையில் அம்மாவின் பக்கத்தில் அமர்ந்து, வரிவரியாகத் தமிழில் படித்துக் காட்டுங்கள். யாரோ ஒரு முகவரோ பேரனோ நிரப்பியிருப்பார்; அதில் என்ன இருக்கிறதென்று அம்மாவுக்கே தெரிந்திருக்காது. பழைய லயத்து முகவரி விடுபட்டிருக்கலாம். பிறந்து சில மாதங்களில் தவறிய குழந்தையைப் பேரன் அறிந்திருக்க மாட்டான். தவறு கண்ணில் பட்டால் மறைக்க வேண்டாம். நேர்முகம் தொடங்கும்போதே, "இந்த இடத்தில் பிழை இருக்கிறது, சரியான விவரம் இது" என்று சொல்லிவிடலாம்.

அம்மாவுக்காக மகன் போட்ட மனுவில் உயிர்நாடியான ஆவணம் எதுவென்றால், மகனுடைய பிறப்புப் பத்திரம். அதில் தாயின் பெயர் இருக்கும் இடத்தைப் பாருங்கள். நம் தோட்டங்களில் பிள்ளை பிறந்த செய்தியை யாராவது போய்ச் சொல்ல, ஆபீஸ் கிராணி தம் காதில் விழுந்தபடி எழுதிக் கொடுத்த காலம் ஒன்று இருந்தது. எனக்குத் தெரிந்த ஒரு பாட்டிக்கு மகன் பத்திரத்தில் ராசம்மா என்றும், அடையாள அட்டையிலும் கடப்பிதழிலும் ராஜம்மாள் என்றும், கணவரின் இறப்புப் பத்திரத்தில் ராஜாமா என்றும் பெயர். நேரில் பார்க்கும் நமக்கு மூவரும் ஒருவரே. கோப்பை மட்டும் பார்ப்பவருக்கு மூன்று பெண்கள். மகன் பத்திரத்தில் இருந்ததோ தாயின் பழைய அடையாள அட்டை எண். 1990-இல் பன்னிரண்டு இலக்க எண் வந்த பிறகு அட்டையில் இருப்பது வேறு எண். பழைய எண்ணும் புதிய எண்ணும் ஒருவருடையவையே என்று தேசியப் பதிவிலாகாவில் உறுதிக் கடிதம் கேட்டு வாங்கி, மூன்று பெயர்களும் தம்முடையவையே என்று சத்தியப் பிரமாண ஆணையர் முன் பாட்டி கையெழுத்திட்டு, இரண்டையும் கோப்பில் சேர்த்தோம். சாளரத்தில் அதிகாரி பெயரைப் பற்றிக் கேட்டதும் பாட்டி வாய் திறக்கவில்லை. அந்த இரண்டு தாள்களையும் எடுத்து நீட்டினார்.

அடுத்தது திருமணப் பத்திரம். அம்மாவின் திருமணம் எப்போது நடந்தது என்று நீங்கள் எழுதவில்லை. நம் நாட்டில் முஸ்லிம் அல்லாதாரின் திருமணப் பதிவைக் கட்டாயமாக்கிய 1976-ஆம் ஆண்டின் திருமண, மணவிலக்குச் சட்டச் சீர்திருத்தச் சட்டம் 1982 மார்ச் 1 அன்றுதான் நடப்புக்கு வந்தது. அதற்கு முன் தோட்டத்து மாரியம்மன் கோயிலில் முறைப்படி தாலி கட்டிய திருமணங்களைச் சட்டம் பதிவானவையாகவே கருதுகிறது, ஆனால் கையில் காட்டப் பத்திரம் இருக்காது. பத்திரம் இல்லை என்பதற்காக யாரிடமும் புதிதாக ஒன்று 'செய்து' வாங்கிவிடாதீர்கள். ஏன் இல்லை என்ற எழுத்து விளக்கத்தோடு கோயில் கடிதம், திருமணப் படம், அப்பாவின் இறப்புப் பத்திரம் ஆகியவற்றைச் சேருங்கள். கோயில் கடிதம் தமிழில் இருந்தால் ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டும். மொழிபெயர்த்தவர் தமக்கு இரு மொழியும் தெரியும், மொழிபெயர்ப்பு சரியானது என்று எழுதிக் கையெழுத்திட வேண்டும். மலாய்ப் பத்திரங்களுக்கு அது தேவையில்லை, ஏனென்றால் நேர்முகம் நடக்கும் நாட்டின் அதிகாரத்துவ மொழி அது. இதை அறியாமல் பிறப்புப் பத்திரம் முதல் எல்லாவற்றையும் மொழிபெயர்க்கப் பணம் கொட்டியவர்களைப் பார்த்திருக்கிறேன்.

எழுபது வயது அம்மாவுக்கு நன்னடத்தைச் சான்றிதழா என்று சிரிக்காதீர்கள். பதினாறு வயதைக் கடந்த எவருக்கும் அது தேவை. இங்கே அதை வெளியுறவு அமைச்சான விஸ்மா புத்ரா தருகிறது. அம்மா இளமையில் சிங்கப்பூரில் ஓராண்டோ அதற்கு மேலோ வேலை செய்திருந்தால் அந்நாட்டுக் காவல்துறையின் சான்றிதழும் வேண்டும். மருத்துவச் சோதனையைத் தூதரகம் அங்கீகரித்த மருத்துவரிடம் மட்டுமே செய்ய வேண்டும். அம்மாவின் செலவைத் தாம் ஏற்பதாக அண்ணன் உறுதியளிக்கும் ஐ-864 ஆதரவுப் பத்திரத்தில் அவருடைய வருமானம், குடும்ப எண்ணிக்கைக்கு அமெரிக்க அரசு வகுத்த வறுமைக் கோட்டின் 125 விழுக்காட்டையாவது எட்டியிருக்க வேண்டும். போட்டோஸ்டேட் எத்தனை இருந்தாலும் மூலப் பத்திரங்களைக் கையோடு கொண்டு போங்கள்.

ஜாலான் துன் ரசாக்கில் உள்ள தூதரகத்தில் அம்மாவின் கைரேகையை எடுத்து, வலக்கையை உயர்த்தி உண்மையே சொல்வதாக உறுதிமொழி வாங்குவார்கள். மகன் என்ன வேலை செய்கிறார், எந்த ஊரில் இருக்கிறார், எத்தனை பிள்ளைகள், அங்கே யாரோடு தங்குவீர்கள் என்பன போன்ற கேள்விகள்தாம் பெரும்பாலும் வரும். மகனின் கம்பெனிப் பெயர் வாயில் நுழையாவிட்டால் "கணினி வேலை" என்றாலே போதும். தெரியாததைத் தெரியாது என்பதற்காக யாரும் விசாவை மறுப்பதில்லை. முக்கியமான விஷயத்தில் வேண்டுமென்றே பொய் சொன்னதாகத் தீர்மானித்தால் மட்டும் அது வாழ்நாள் தடையாகிவிடும். பதில் எழுதிக் கொடுத்து ஒத்திகை நடத்தும் முகவர்கள்மேல் எனக்குக் கோபம் வருவது இதனால்தான்: மகனின் சம்பளத்தை ஒரு கிழவி டாலரில் ஒப்பிப்பதைக் கேட்டால் எந்த அதிகாரிக்கும் சந்தேகம் வரும்.

ஒரு தாள் குறைகிறதென்று சொல்லி, அமெரிக்கக் குடியேற்றச் சட்டத்தின் 221(ஜி) பிரிவைக் குறித்த கடிதத்தைக் கொடுத்தால் அம்மா அழ வேண்டியதில்லை. கேட்டதை ஓராண்டுக்குள் கொடுத்தால் கோப்பு மேலே நகரும்.

டிக்கெட்டைப் பற்றித்தான் எனக்குக் கவலை. விசா ஒட்டிய கடப்பிதழ் கைக்கு வரும்வரை பயண நாளை யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது. வந்த பிறகோ, மருத்துவச் சோதனையின் காலக்கெடுவை ஒட்டிப் பெரும்பாலும் ஆறு மாதங்களுக்குள் அமெரிக்காவில் போய் இறங்கிவிட வேண்டும். அண்ணன் எடுத்திருப்பது நாள் மாற்றக்கூடிய டிக்கெட்டா என்று இன்றே கேளுங்கள்.