பக்கத்து சீட்டிலிருந்து நினைவு கசிந்தால்?

[காட்சி: கூடலூரிலிருந்து பந்தலூர் போகும் பஸ். மழை. ஷட்டர் எல்லாம் இறக்கியாயிற்று.]

நாடுகாணி தாண்டியதும் ஒரு பையன் வாந்தி எடுக்கிறான். மலைப் பாதையில் இதெல்லாம் ஒரு விஷயமே இல்லை. யாரோ எலுமிச்சம்பழம் நீட்டுகிறார்கள். ஆனால் இவனுக்குக் குமட்டியது வளைவுகளால் இல்லை, கப்பலால். கடலையே பார்க்காத பையன். அவனை ஒட்டி உட்கார்ந்திருக்கும் அப்பாயி, 1970களில் தலைமன்னாரிலிருந்து ராமேஸ்வரத்துக்குக் கப்பலில் வந்தவர்.

இதற்கு ‘நினைவுக் கசிவு’ என்று பேர் வைத்துக்கொள்வோம். நெருங்கி இருப்பவரின் நினைவு நமக்குள் இறங்கிவிடும் நோய். இப்படி ஒரு நோய் கிடையாது, முழுக்கக் கற்பனை. மூளையிலிருந்து வெளியே வரும் காந்தப்புலம் பூமியின் காந்தப்புலத்தைவிடக் கோடிக்கணக்கான மடங்கு பலவீனமானது. பக்கத்து சீட் வரைக்கும் அது எதையும் சுமந்து போகாது. சரி, அந்த ஒரு பொய்யை மட்டும் அனுமதித்துவிட்டு, மற்றதெல்லாம் நிஜ மூளையின் விதிப்படி நடந்தால் என்ன ஆகும்?

[திரையில்: கொழுந்து பறிக்கும் கைகள், மிக அருகில்.]

முதலில், எது கசியும்? 1953இல் ஹென்றி மோலைசன் என்பவருக்கு வலிப்பு நோய்க்காக மூளையில் அறுவை சிகிச்சை நடந்தது. ஹிப்போகாம்பஸ் என்ற பகுதியின் பெரும்பங்கை எடுத்துவிட்டார்கள். அதன்பின் புதிதாக நடந்த எதுவும் அவர் மனதில் நிற்கவில்லை. ஆனால் கண்ணாடியில் பார்த்துக்கொண்டே நட்சத்திரம் வரையச் சொன்னபோது நாளுக்கு நாள் கை தேறியது. முந்தின நாள் வரைந்ததே அவருக்கு ஞாபகமில்லை! சம்பவ நினைவும் கைப்பழக்கமும் மூளையில் வேறு வேறு ஏற்பாடு.

ஆகவே நம் நோயில் சம்பவம் மட்டும் கசியட்டும். அப்பாயி கொழுந்து பறித்த காலைப்பொழுது, முதுகில் கூடையின் ஈரம், கங்காணியின் அதட்டல், எல்லாம் பையனுக்கு வந்துவிடும். ஆனால் அவனைச் செடி முன்னால் நிறுத்தினால் ரெண்டு இலை ஒரு கொழுந்தாகக் கிள்ள வராது. முற்றிய இலையும் காம்புமாகப் பிய்த்து வைப்பான். நினைவை நம்பி வேலைக்குப் போனால் கூலி கிடைக்காது.

அப்புறம்தான் உண்மையான சிக்கல். வந்த நினைவு யாருடையது என்று எப்படித் தெரியும்?

தெரியாது. பெரும்பாலும் தெரியவே தெரியாது. ‘என்ன நடந்தது’ என்பது நிற்கும் அளவுக்கு ‘இது எங்கிருந்து வந்தது’ என்பது மூளையில் நிற்பதில்லை. 2001இல் அமெரிக்காவில் உளவியலாளர் ரோடிகரின் குழு செய்த சோதனையைப் பாருங்கள். வீட்டுக் காட்சிகள் கொண்ட படங்களை இருவர் சேர்ந்து பார்த்தார்கள். ஒருவர் ஆய்வாளர்கள் ஏற்பாடு செய்த ஆள். நினைவில் இருப்பதைச் சொல்லும்போது, படத்தில் இல்லாத பொருளையும் அவர் நடுவில் சேர்த்துச் சொல்வார். பிறகு மற்றவரிடம் தனியாகக் கேட்டால், அந்த இல்லாத பொருளும் பட்டியலில் வந்து நின்றது. அந்த இடத்தில் வழக்கமாக இருக்கக்கூடிய பொருள் என்றால், சமையலறையில் டோஸ்டர் மாதிரி, இன்னும் சுலபமாக நுழைந்தது.

இந்தக் கடைசி விஷயத்தை வைத்து நீலகிரியைப் பாருங்கள்.

[திரையில்: பழைய இலங்கை, தமிழக வரைபடம்.]

1964 அக்டோபரில் இந்தியாவும் இலங்கையும் கையெழுத்திட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தப்படி, இலங்கைத் தோட்டப் பகுதிகளில் இருந்த மலையகத் தமிழர்களில் 5,25,000 பேரை ஏற்றுக்கொள்ள இந்தியா சம்மதித்தது. வந்தவர்களுக்கு வேலை கொடுக்க 1968இல் வனத்துறையின் கீழ் அரசுத் தேயிலைத் தோட்டங்கள் தொடங்கின. இன்று டான்டீ (தமிழ்நாடு தேயிலைத் தோட்டக் கழகம்) என்கிறோமே, அதுதான். கூடலூர், பந்தலூர், கோத்தகிரி, குன்னூர் பக்கமெல்லாம் லயன் வீடுகள் எழுந்தன. ஒரு சுவருக்கு இந்தப் பக்கம் ஒரு குடும்பம், அந்தப் பக்கம் இன்னொன்று. கசிவு நோய்க்கு இதைவிடத் தோதான வீடு கிடையாது.

இலங்கையின் ஹட்டனில் அப்பாயி பார்த்த தேயிலைச் சரிவு பையனுக்குள் வந்தால் அவனுக்கு வித்தியாசமே தெரியாது. இங்கேயும் அதே சரிவு, அதே மூடுபனி, அதே கூடை. டோஸ்டர் கதைதான். எத்தனையோ நினைவுகள் சத்தமில்லாமல் அவனுடையதாகியிருக்கும். கடல் மட்டும்தான் மாட்டிக்கொண்டது, பந்தலூரில் கடல் இல்லாததால்!

‘சின்ன வயதிலிருந்து அப்பாயி சொல்லிக் கேட்ட கதைதானே, அதைத்தான் கற்பனை செய்கிறான்’ என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. கேட்ட கதையை நாம் பெரும்பாலும் வெளியிலிருந்து பார்ப்போம்: கப்பல் தெரியும், அதில் அப்பாயி நிற்பது தெரியும். கசிந்தது என்றால் அப்பாயி தெரியவே மாட்டார். குனிந்தால் கண்ணாடி வளையல் போட்ட ஒரு கையும், அது பிடித்திருக்கும் தகரப் பெட்டியின் கைப்பிடியும்தான் தெரியும். ஆனால் நம்முடைய பழைய நினைவுகளிலேயே நம்மை வெளியிலிருந்து பார்ப்பதுண்டு. அதனால் இந்தச் சோதனையை நூறு சதவீதம் நம்ப முடியாது.

கசிந்தால் அப்பாயிக்கு மறந்துபோகுமா? என் விதிப்படி இல்லை, போனது பிரதிதான். ஆனால் எடுத்துச் சொல்லச் சொல்ல நினைவு கொஞ்சம் மாறிக்கொண்டே வரும். ஐம்பது வருஷமாகச் சொல்லி வந்த அப்பாயி பெட்டி பச்சை நிறம் என்பார். பையன் நீலம் என்பான். நான் பையன் பக்கம். அவனிடம் இருப்பது அதிகம் கைபடாத பிரதி.

பெட்டி இருந்தால் பெயின்டைச் சுரண்டிப் பார்த்துவிடலாம். அதை எப்போதோ பழைய இரும்புக்குப் போட்டாயிற்று.