மதியத்தில் வாடும் கத்தரி: வேருக்குள் குடியிருக்கும் வட்டப்புழு

[காட்சி: கிளிநொச்சியில் ஒரு மேட்டுநிலத் தோட்டம், நண்பகல்]

காலையில்தான் தண்ணீர் கட்டியிருக்கிறார்கள். மண்ணில் ஈரம் இருக்கிறது. இருந்தும் இந்த மூலைக் கத்தரிகள் மட்டும் தலை தொங்கி நிற்கின்றன. பொழுதுபட நிமிரும், நாளை மதியம் மறுபடியும் வாடும். இலை மஞ்சளித்ததும் யூரியாவைத் தேடுவது நம் வழக்கம். தயவுசெய்து, அதற்கு முன் ஒரு செடியின் வேரைப் பாருங்கள். பிடுங்க வேண்டாம், சல்லிவேர்கள் அறுந்து மண்ணிலேயே தங்கிவிடும். மண்வெட்டியால் சுற்றி வெட்டி, மண்ணோடு தூக்கி, வாளித் தண்ணீரில் மெல்ல அலசுங்கள்.

[காட்சி: அலசிய வேர், மிக அருகில்]

வேர் நெடுகிலும் முடிச்சு முடிச்சாக வீக்கம். வேர்முடிச்சு வட்டப்புழுவின் வேலை இது. முட்டையிலிருந்து வரும் குஞ்சுப்புழு அரை மில்லிமீற்றர்கூட இராது. வெறும் கண்ணுக்கு அகப்படாது. வேர் நுனியால் நுழைந்து, ஊசி போன்ற வாயுறுப்பால் சில கலங்களைக் குத்தி, அவற்றைப் பூதாகாரமாக வளரச் செய்து, அங்கேயே உண்கிறது. பெண்புழு பேரிக்காய் வடிவில் பருத்து, பிறகு இடம்பெயர்வதே இல்லை. நீர் ஏறும் குழாய்கள் உருக்குலைவதால்தான் ஈரமண்ணிலும் செடி வாடுகிறது. ஒரு பெண் பசை போன்ற உறைக்குள் சில நூறு முட்டைகள் இடும். வன்னிச் சூட்டில் ஏறத்தாழ ஒரு மாதத்தில் அடுத்த தலைமுறை தயார்.

[காட்சி: பயற்றஞ்செடி வேர்]

இங்கே கவனம் தேவை. பயறு, உழுந்து, கச்சான் வேர்களிலும் முடிச்சுகள் உண்டு. அவை நைதரசனைத் தேடித்தரும் பற்றீரியாக்களின் வீடுகள். வேரின் பக்கத்தில் ஒட்டியிருக்கும், விரலால் தேய்த்தால் கழன்றுவிடும், நசுக்கினால் உள்ளே இளஞ்சிவப்பு. புழு முடிச்சு கழலாது, வீங்கியிருப்பது வேரேதான். நல்ல முடிச்சை நோயென்று நினைத்து மருந்து ஊற்றுவது எனக்குப் பெரும் வேதனை.

மண்ணில் உள்ள வட்டப்புழுக்கள் எல்லாம் பகையும் இல்லை. உலகின் நிலவாழ் விலங்குகளில் ஐந்தில் நான்கு பங்கு இவைதான் என்று 2019 இல் வெளிவந்த ஆய்வு மதிப்பிட்டது. பல இனங்கள் பற்றீரியாவையும் பூஞ்சையையும் தின்று, மிஞ்சும் நைதரசனைப் பயிருக்கு விடுகின்றன. கடும் நஞ்சு இவற்றையும் சேர்த்தே கொல்லும்.

[காட்சி: சிறுபோகக் காலம், உழுத வெறுநிலம்]

நமக்கு வாய்த்த ஆயுதம் வெயில். ஆழ உழுது மண்ணைப் புரட்டிக் காயவிடுங்கள். நாற்றுமேடையை நனைத்து, ஒளிபுகும் பொலித்தீனால் இறுக மூடி, நான்கு முதல் ஆறு வாரம் விடுங்கள். தோட்டத்துக்கு வேப்பம் பிண்ணாக்கும் மக்கிய எருவும் உதவும். கத்தரிக்குப் பின் தக்காளி, அதற்குப் பின் மிளகாய் என்று நடுவது புழுவுக்குத் தொடர் விருந்து. இடையில் எள்ளு போடலாம். வாய்க்கால் தண்ணீர் எட்டும் காணியில் நெல் விதைத்து நீர் தேக்கினால் இந்தப் புழு குறையும். ஆனால் நெல்லைத் தாக்கும் இனமும் ஒன்று உண்டு. வேர் நுனி கொக்கிபோல் வளைந்திருந்தால் அதைச் சந்தேகியுங்கள்.

நாற்று வாங்கும்போதும் ஒன்றிரண்டின் வேரைக் கழுவிப் பாருங்கள். முடிச்சு தெரிந்தால் அந்தக் கட்டையே வாங்காதீர்கள். பாதித்த தோட்டத்தில் உழுத கலப்பையை அடுத்த காணிக்குள் இறக்கும் முன், ஒட்டிய மண்ணைக் கழுவிவிடுங்கள்.