நடிக்க விரும்பாத நடிகர்: அசோக் குமார்

நேயர்களுக்கு வணக்கம்.

எண்பதுகளில் தூர்தர்ஷனில் 'ஹம் லோக்' தொடர் பார்த்தவர்களுக்கு, ஒவ்வொரு பகுதி முடிந்ததும் வந்து பேசும் பெரியவரை ஞாபகம் இருக்கும். கதையைப் பற்றி நாலு வார்த்தை சொல்லிவிட்டு, தொடரின் பெயரை வேறு வேறு இந்திய மொழிகளில் சொல்லி விடைபெறுவார். அவர்தான் அசோக் குமார். அப்போதே அவர் சினிமாவுக்கு வந்து ஐம்பது வருடம் ஆகப்போகிறது.

1911-இல் பாகல்பூரில் பிறந்த வங்காளி. இயற்பெயர் குமுத்லால் கங்குலி. சட்டப் படிப்பு சரிப்பட்டு வரவில்லை. பம்பாயில் மாலாட் பகுதியில் இருந்த 'பாம்பே டாக்கீஸ்' ஸ்டூடியோவில் அவருடைய தங்கை கணவர் சசாதர் முகர்ஜி வேலை பார்த்தார். அந்த வழியில் போய் லேபரட்டரியில் சேர்ந்தார். பிலிம் கழுவும் வேலை. அதில் சந்தோஷமாகத்தான் இருந்தார்.

அப்புறம் நடந்ததுதான் பெரிய கூத்து. 1936-இல் வெளிவந்த 'ஜீவன் நையா' தயாராகிக்கொண்டிருந்த சமயத்தில், ஸ்டூடியோ முதலாளி ஹிமான்ஷு ராயின் மனைவியும் கதாநாயகியுமான தேவிகா ராணி, கதாநாயகன் நஜ்முல் ஹசனுடன் கல்கத்தாவுக்குப் போய்விட்டார். தேவிகா திரும்பி வந்தார். ஹசனுக்கு அங்கே மறுபடி இடமில்லை. ராயின் கண் லேபரட்டரிப் பையன் மேல் விழுந்தது. இந்த முகம் கதாநாயகனுக்குச் சரிவராது என்று ஜெர்மன் இயக்குநர் பிரான்ஸ் ஆஸ்டன் சொல்லிப் பார்த்தாராம். ராய் கேட்கவில்லை. சினிமா என்றாலே முகம் சுளிக்கிற காலம் அது. பையன் நடிகனாகிவிட்டான் என்று தெரிந்ததும் பேசி வைத்திருந்த சம்பந்தமும் முறிந்து போயிற்று.

அதே வருடம் தேவிகா ராணியுடன் 'அச்சூத் கன்யா'. தாழ்த்தப்பட்ட சாதிப் பெண்ணும் பிராமணப் பையனும் காதலிக்கிற கதை. சொந்தக் குரலில் பாடவும் வேண்டியிருந்தது. அவருடைய தயக்கம் அந்தப் பாட்டிலேயே தெரிகிறது. அந்தத் தயக்கத்திலிருந்துதான் அவருடைய நடிப்பு பிறந்தது என்பேன். பார்சி நாடக மேடையிலிருந்து வந்தவர்கள் கடைசி வரிசைக்கும் கேட்கிற மாதிரி வசனத்தை முழங்கியபோது, இவர் பக்கத்தில் இருப்பவரிடம் பேசுகிற மாதிரி பேசினார். காமிராவுக்கு அது போதும் என்பதை இந்தி சினிமாவில் முதலில் காட்டியவர்களில் அவரும் ஒருவர்.

1943-இல் 'கிஸ்மத்'. பிக்பாக்கெட் திருடன் கதாநாயகன்! சிகரெட்டும் கையுமாக, கொஞ்சம்கூடக் குற்ற உணர்வில்லாமல் வருவார். கல்கத்தா ராக்ஸி தியேட்டரில் படம் மூன்று வருடத்துக்கு மேல் ஓடியது. அந்நியரை விலகிப் போகச் சொல்லும் பாட்டு ஒன்று அதில் உண்டு. வரிகளில் அப்போது பிரிட்டிஷாருக்குப் போர் எதிரிகளான ஜெர்மனியும் ஜப்பானும் வந்ததால் தணிக்கைக்காரர்கள் விட்டுவிட்டார்கள். யாரை விரட்டுகிறார்கள் என்று ஜனங்களுக்குத் தெரியாதா என்ன?

ஜனங்கள் அவர்மேல் வைத்திருந்த பிரியத்துக்கு, எழுத்தாளர் மன்ட்டோ எழுதி வைத்திருக்கும் ஒரு சம்பவம் போதும். பிரிவினைக் கலவர நாட்கள். அசோக் குமார் கார் ஓட்ட, மன்ட்டோ பக்கத்தில். கார் முஸ்லிம்கள் வசிக்கும் தெருவுக்குள் போகிறது, எதிரே ஒரு கல்யாண ஊர்வலம். இந்துவான நண்பருக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்று மன்ட்டோ நடுங்கிப் போனார். கூட்டம் அசோக் குமாரை அடையாளம் கண்டுகொண்டது. இரண்டு இளைஞர்கள் முன்னால் வந்து, "அசோக் அண்ணே" என்கிற பாசத்தோடு, இந்தப் பக்கம் வழியில்லை, பக்கத்துச் சந்தில் போங்கள் என்று காட்டி அனுப்பினார்கள்.

நம் ஊருக்கும் அவருக்கும் தொடர்பு உண்டு. ஏவி.எம். எடுத்த 'பாய் பாய்' படத்தில் தம்பி கிஷோர் குமாருடன் நடித்தார். ஜெமினியின் 'கிரஹஸ்தி'யில் அவர் செய்த வேடத்தைத்தான் தமிழில் 'மோட்டார் சுந்தரம் பிள்ளை'யில் சிவாஜி செய்தார்.

1968-இல் வந்த 'ஆசீர்வாத்' அவருக்குத் தேசிய விருது வாங்கித் தந்தது. அதில் குழந்தைகளுக்காக ரயில் பாட்டு ஒன்று; எழுதியவர் சரோஜினி நாயுடுவின் தம்பி ஹரீந்திரநாத் சட்டோபாத்யாய. அதையும் அசோக் குமாரே சொன்னார். பாட்டு என்பதைவிட, ரயில் சத்தத்தின் தாளத்தில் பேச்சு என்பதே சரி. ஊர்ப் பெயர்கள் ஒன்றன்பின் ஒன்றாக ஓடும். கிடைத்தால் கேட்டுப் பாருங்கள். நடுவில் நம் வேலூரும் திண்டுக்கல்லும் வரும்.

வணக்கம்.