நா மூன்-ஹீ: ஒலிவாங்கியின் முன் தொடங்கிய நடிப்பு

நேயர்களுக்கு வணக்கம்.

1961ஆம் ஆண்டின் இறுதியில் சியோலில் எம்.பி.சி. வானொலி ஒலிபரப்பைத் தொடங்கியபோது, நாடகங்களுக்குக் குரல் கொடுப்பதற்கென்று திறந்த தேர்வு நடத்தி இளைஞர்களைச் சேர்த்துக்கொண்டது. அந்த முதல் அணியில் தேர்வானவர்களில் ஒருவர் நா மூன்-ஹீ. அப்போது அவருக்கு வயது இருபது. இன்று கொரியத் தொலைக்காட்சித் தொடர்களைப் பார்க்கும் நம்மில் பலருக்கு அவர் முகம் நன்றாகத் தெரியும். யாரோ ஒரு கதாநாயகனின் அம்மாவாக, யாரோ ஒரு நாயகியின் பாட்டியாக அவரைப் பார்த்திருப்போம். பெயர்தான் நினைவில் நிற்பதில்லை. துணைப் பாத்திரங்களிலேயே வாழ்நாளின் பெரும்பகுதியைக் கழித்த நடிகையருக்கு எந்த நாட்டிலும் நேர்வதுதான் இது. அவருடைய நடிப்பை அவர் குரலின் வழியாகப் பின்தொடர்ந்தால் தெளிவாக விளங்கும் என்பது என் கருத்து. அவர் பெயர் பெற்ற பாத்திரங்கள் பலவற்றிலும் பேச்சுதான் சிக்கலாக இருக்கிறது: பேச்சு திரிகிறது, தடுமாறுகிறது, அடைத்துப்போகிறது, சில நேரம் இல்லாமலே போகிறது.

அறுபதுகளில் கொரிய வீடுகளில் தொலைக்காட்சிப் பெட்டி அரிது; மாலை நேரத்தில் குடும்பம் கூடுவது வானொலி நாடகத்தைக் கேட்கத்தான். ஒலிவாங்கியின் முன் நிற்கிறவருக்கு முகமும் கையும் உதவுவதில்லை. கிழவி என்றால் குரலிலேயே முதுகு வளைய வேண்டும். அழுகை என்றால் மூச்சிலேயே தெரிய வேண்டும். பின்னர் வெளிநாட்டுப் படங்களுக்கு மொழிமாற்றுக் குரல் தருகிற வேலையும் வந்தது. மர்லின் மன்றோவுக்கே கொரிய மொழியில் குரல் கொடுத்தவர் நா மூன்-ஹீ என்றால், அவரைப் பாட்டியாக மட்டுமே பார்த்துப் பழகியவர்கள் நம்பச் சற்றுத் தயங்குவார்கள். 1969இல் எம்.பி.சி. தொலைக்காட்சியையும் தொடங்கியபோது, குரல் கலைஞர்கள் பலர் படப்பிடிப்புத் தளத்துக்கு நகர்ந்தார்கள். அழகிய நாயகி என்று அன்றைய தயாரிப்பாளர்கள் மனத்தில் வைத்திருந்த உருவம் இவருக்குப் பொருந்தவில்லை. ஆகவே தன் வயதுக்கு மிஞ்சிய பாத்திரங்களே, அம்மாவும் மாமியாரும் பக்கத்து வீட்டுப் பெண்ணுமே, அவரைத் தேடி வந்தன.

இந்தப் பாத்திரங்களைச் சிறியவை என்று ஒதுக்கிவிடக் கூடாது. வாரத்தில் ஐந்து நாள் ஒளிபரப்பாகும் அன்றாடத் தொடர், வார இறுதியில் வரும் குடும்பத் தொடர் ஆகியவையே நெடுங்காலம் கொரியத் தொலைக்காட்சியின் முதுகெலும்பு. மூன்று தலைமுறை ஒரே கூரையின்கீழ் வாழும் வீடுதான் அவற்றின் களம். நாயகனும் நாயகியும் காதலிக்கிறார்கள், பிரிகிறார்கள், சேர்கிறார்கள். ஆனால் அந்தக் காதல் வீட்டுக்குள் நுழைய வேண்டுமா வேண்டாமா என்று முடிவு செய்கிறவர்கள் பெரியவர்கள். கதை பாட்டியின் தலையசைப்பில்தான் திரும்புகிறது. நூறு அத்தியாயங்களைத் தாண்டி ஓடும் ஒரு தொடரில், எந்த நாளில் தொலைக்காட்சியைப் போட்டாலும் கதை புரியும்படி செய்வது பெரும்பாலும் இந்த மூத்த நடிகையரின் வேலைதான். நேற்று நடந்ததை இன்றைய புலம்பலாக மாற்றி, தகவல் சொல்வது தெரியாமல் சொல்லிவிட அவர்களுக்குத் தெரியும்.

1995இல் கே.பி.எஸ். என்ற கொரியத் தொலைக்காட்சி ஒளிபரப்பிய ‘காற்று வீசினாலும்’ என்ற அன்றாடத் தொடர் அவருக்குத் திருப்புமுனையாக அமைந்தது. வடபகுதியின் வட்டார வழக்கில் பேசும் பாட்டியாக அவர் அதில் நடித்தார். 1950 முதல் 1953 வரை நடந்த போரிலும் அதற்கு முன்பிருந்த குழப்பத்திலும் வடக்கிலிருந்து தெற்கே வந்து, திரும்பிப் போக வழியில்லாமல் தங்கிவிட்டவர்களின் குடும்பங்கள் கொரியாவில் ஏராளம். அவர்களுடைய வீடுகளில் அந்தப் பேச்சு ஒரு தலைமுறையோடு மறைந்துகொண்டிருந்தது. அதைத் தொலைக்காட்சியில் கேட்டபோது நேயர்களுக்கு ஏற்பட்டிருக்கக்கூடிய உணர்வை நாம் ஊகிக்கலாம். அந்த ஆண்டு கே.பி.எஸ். நடிப்பு விருதுகளில் மிக உயர்ந்த பெருவிருது அவருக்கே கிடைத்தது. வழக்கமாக நாயகர்களுக்கும் நாயகிகளுக்கும் போகிற விருது, 54 வயதில், பாட்டி வேடத்துக்காக அவரிடம் வந்தது.

அடுத்த ஆண்டிலிருந்து நோ ஹீ-கியோங் என்ற எழுத்தாளரோடு அவருக்கு ஏற்பட்ட தொடர்பு மிக முக்கியமானது. கொரியத் தொடர்களில் இயக்குநரைவிட எழுத்தாளரின் பெயரே பெரிதாகப் பேசப்படும். அவர்களில் முதியவர்களின் வாழ்க்கையை நடுவில் வைத்து எழுதத் துணிந்தவர் நோ. 1996இல் எம்.பி.சி.யில் வந்த ‘உலகிலேயே மிக அழகான பிரிவு’ என்ற குறுந்தொடரில், நினைவு தப்பிப்போன மாமியாரைப் பராமரித்துக்கொண்டே, தனக்கு முற்றிய புற்றுநோய் என்று அறிந்துகொள்ளும் தாயாக நா மூன்-ஹீ நடித்தார். 2006இல் அதே எழுத்தாளரின் ‘குட்பை சோலோ’ வந்தது. அதில் அவர் சிற்றுணவகம் நடத்தும் மூதாட்டி. அவர் பேசுவதே இல்லை. குரலால் வாழ்க்கையைத் தொடங்கிய நடிகையிடமிருந்து எழுத்தாளர் குரலையே பறித்துக்கொண்டார்! பேசத் தெரியாதவளின் மௌனமாக அவர் அதைக் காட்டவில்லை. பேச்சு தொண்டைவரை வந்து திரும்பிப் போகிறதென்பதை, சோறு பரிமாறும் கையின் தயக்கத்தில் காட்டினார். மற்றவர்கள் பேசப் பேசக் கேட்டுக்கொண்டிருக்கும் அந்த முகத்தை, நடிப்புப் பயிலும் மாணவர்களுக்குப் பாடமாகவே வைக்கலாம்.

அவருடைய வீச்சை அறிய 2005ஆம் ஆண்டு ஒன்றே போதும். இறுதி அத்தியாயத்தில் 50 விழுக்காட்டைத் தாண்டிய பார்வையாளர்களைப் பெற்ற ‘என் பெயர் கிம் சாம்-சூன்’ தொடரில், மகனுக்கு வரன் மேல் வரனாகப் பார்க்கும் செல்வச் செருக்குள்ள விடுதி அதிபராக நடித்தார். அதே ஆண்டில் வெளிவந்த ‘அழும் முஷ்டி’ திரைப்படத்தில், சிறைக்குப் போய்க் குத்துச்சண்டை கற்கும் பேரனுக்காக உருகும் ஏழைப் பாட்டி. இரண்டு பெண்களையும் அடுத்தடுத்துப் பார்த்தால், ஒருத்தி வாக்கியத்தின் முடிவை வெட்டி நிறுத்துகிறாள், மற்றவள் முடிக்காமலே விட்டுவிடுகிறாள் என்பது தெரியும்.

ஆனால் கொரியாவில் சிறுவர்கள்கூட அவரை அடையாளம் கண்டுகொள்வது 2006 நவம்பரில் தொடங்கி மறு ஆண்டு ஜூலை வரை, 167 அத்தியாயங்கள் ஓடிய ‘தடையில்லா ஹை கிக்’ என்ற எம்.பி.சி. நகைச்சுவைத் தொடரால்தான். அதில் அவருடைய பாத்திரத்தின் பெயரும் நா மூன்-ஹீதான். கணவர் கொரிய மரபு மருத்துவர். லீ சூன்-ஜே நடித்தார். மருமகளாக வந்த பார்க் ஹே-மியும் மருத்துவரே. மாமனாரின் மருத்துவமனை மருமகளின் கைராசியால்தான் ஓடுகிறது; ஆகவே வீட்டில் அவள் வைத்ததுதான் சட்டம். மாமியார் சமைக்கிறார், துவைக்கிறார், வாயை மூடிக்கொண்டிருக்கிறார்.

இந்தப் பின்னணியில்தான் ‘ஹோபாக் கோகுமா’ காட்சி வருகிறது. பறங்கிக்காய் போல உள்ளே மஞ்சளாக இருக்கும் சர்க்கரைவள்ளிக் கிழங்கு அது. மாமியாரின் நாக்கில் அந்தப் பெயர் முன்பின்னாகப் புரள்கிறது. மருமகள் திருத்துகிறாள், மிகப் பணிவாக, சிரித்த முகத்தோடு. மாமியார் மறுபடி சொல்கிறார், மறுபடி தவறு. மீண்டும் திருத்தம். ஒரு கட்டத்தில் அந்தச் சொல் சரியாக வந்துவிடுகிறது. ஆனால் வரும்போது அது கத்தலாக வருகிறது. ‘ஹோபாக் கோகுமா! ஹோபாக் கோகுமா!’ என்று அவர் வீடு அதிரக் கத்தும்போது, ஒரு கிழங்கின் பெயருக்குள் எத்தனை ஆண்டு மாமியாரின் மனக்குமுறல் அடைபட்டிருந்தது என்பது புரிந்து, சிரித்துக்கொண்டிருந்தவர்கள் ஒரு நொடி நின்றுவிடுகிறார்கள். நாக்கு தடுமாறுவதுபோல் நடிப்பது, தடுமாறாமல் பேசுவதைவிடக் கடினம். எந்த அசையில் இடற வேண்டும் என்பதைக் கணக்கிட்டு, கணக்கிட்டது தெரியாமல் இடற வேண்டும். அந்தத் துண்டுக் காட்சி இன்றும் இணையத்தில் சுற்றிக்கொண்டிருக்கிறது.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். நம்மிடையே கொரியத் தொடர்கள் புதுயுகம் தொலைக்காட்சி வழியே தமிழ்க் குரலில் பரவின. இன்றும் பலர் மொழிமாற்றில்தான் பார்க்கிறார்கள். தமிழ்க் குரல் தருகிறவர்களின் உழைப்பை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் நா மூன்-ஹீ போன்ற ஒருவரை மொழிமாற்றில் பார்ப்பது, நாதஸ்வரக் கச்சேரியை ஒலியை நிறுத்திவிட்டுத் திரையில் பார்ப்பதற்குச் சமம். அவர் வருகிற காட்சியையேனும் மூல ஒலியில், எழுத்துத் துணையோடு கேளுங்கள்.

2016இல் டி.வி.என். அலைவரிசையில் நோ ஹீ-கியோங்கின் ‘டியர் மை ஃப்ரெண்ட்ஸ்’ வந்தது. கிம் ஹே-ஜா, யூன் யோ-ஜோங், கோ டூ-ஷிம், கிம் யோங்-ஓக் என்று, பல பத்தாண்டுகள் மற்றவர்களின் கதைகளுக்கு அம்மாவாக நின்ற நடிகையர் பலர் அதில் தங்கள் சொந்தக் கதைகளோடு வந்தார்கள். நா மூன்-ஹீ ஏற்ற மூன் ஜோங்-ஆ, உலகம் சுற்றிக் காட்டுகிறேன் என்று ஒரு காலத்தில் வாக்களித்த கஞ்சக் கணவனுக்கு வாழ்நாள் முழுவதும் பணிவிடை செய்தவள். ஒருநாள் அவள் வீட்டை விட்டு வெளியேறுகிறாள். கூச்சலும் சாபமும் இல்லை. நம் ஊர்த் தொடர்களில் இப்படிப்பட்ட காட்சிக்கு இடி இடிக்கும் இசையும் மூன்று முறை திரும்பக் காட்டப்படும் முகங்களும் கட்டாயம் உண்டு. இங்கே எழுபது வயதைக் கடந்த ஒரு பெண் தனக்கென்று சிறிய இடம் பார்த்துக்கொண்டு போகிறாள், அவ்வளவுதான். கணவனாக நடித்த ஷின் கூ, சமையலறையில் எது எங்கே இருக்கிறது என்று தெரியாமல் விழிக்கிறார். விவாகரத்து பற்றிய ஆயிரம் வசனங்களைவிட அந்த விழிப்பு போதுமானது.

மறு ஆண்டு, 2017இல், ‘ஐ கேன் ஸ்பீக்’ என்ற திரைப்படம் அவரை நாயகியாக்கியது. சந்தையில் துணி திருத்தித் தைக்கும் ஓக்-பூன் என்ற மூதாட்டி, வட்ட அலுவலகத்தில் ஏறத்தாழ 8,000 புகார் மனுக்களைக் கொடுத்து ஊழியர்களை ஓட ஓட விரட்டுகிறவள். அவளைக் கண்டால் அலுவலகமே ஒளிந்துகொள்கிறது. அவள் ஓர் இளம் ஊழியரிடம் ஆங்கிலம் கற்க வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்கிறாள். பாதிப் படம்வரை நகைச்சுவைதான். பிறகுதான் தெரிகிறது, இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியப் படையினரால் பாலியல் அடிமையாக்கப்பட்ட பெண்களில் அவளும் ஒருத்தி. பல பத்தாண்டுகள் மறைத்துவைத்ததை அமெரிக்க நாடாளுமன்றக் குழுவின் முன் அவள் ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். 2007இல் உண்மையாகவே அத்தகைய சாட்சியங்கள் அங்கே அளிக்கப்பட்டன. அந்த ஆண்டு ஜூலை 30ஆம் நாள், ஜப்பான் பொறுப்பேற்று மன்னிப்புக் கேட்க வேண்டும் என்ற தீர்மானத்தைப் பிரதிநிதிகள் அவை நிறைவேற்றியது. படத்தில் அந்தச் சாட்சியக் காட்சியில் ஓக்-பூனுக்கு முதலில் வாய் திறக்கவில்லை. பிறகு வரும் ஆங்கிலம் சொல்லுக்குச் சொல் கல்லைப் புரட்டி வைப்பதுபோல் வருகிறது. உச்சரிப்பை அழகாக்க நா மூன்-ஹீ முயலவே இல்லை. 75 வயதில் புளூ டிராகன் விருதும், மறு ஆண்டு பேக்சாங் விருதும் சிறந்த நடிகையாக அவருக்குக் கிடைத்தன; இரண்டும் கொரியாவின் பெரிய கலை விருதுகள்.

அண்மை ஆண்டுகளில் தொடர்கள் பதினாறு அத்தியாயங்களுக்கும் அதற்குக் குறைவாகவும் சுருங்கிவிட்டன. கதைகள் அடுக்குமாடியில் தனியே வாழும் இளைஞர்களைப் பற்றியவையாக மாறிவிட்டன. மூன்று தலைமுறைக் குடும்பம் திரையில் அருகிவருவதால், பாட்டி என்ற பாத்திரமே எழுதப்படுவது குறைகிறது. இது வயதான நடிகையருக்கு மட்டுமான இழப்பு என்று நான் நினைக்கவில்லை. அம்மா வேடத்தில் வளர்ந்து கைதேறும் நடிகையர் இனி எங்கிருந்து வருவார்கள்? ஆயினும் 2021இல் ‘நவிலேரா’ தொடரில், எழுபது வயதில் பாலே நடனம் கற்கக் கிளம்பும் கணவரை முதலில் எதிர்த்து, பிறகு அவருக்குத் துணை நிற்கும் மனைவியாக நா மூன்-ஹீயைப் பார்க்கிறோம். 2022இல் ஜே.டி.பி.சி. அலைவரிசையின் ‘ஹாட் சிங்கர்ஸ்’ நிகழ்ச்சியில், மூத்த நடிகர்களின் சேர்ந்திசைக் குழுவில் அவர் பாடினார். 2024இல், எம்.பி.சி. வானொலியில் தம்மோடு குரல் கலைஞராக இருந்த கிம் யோங்-ஓக்குடன் சேர்ந்து ‘பிக்னிக்’ என்ற திரைப்படத்தில் நடித்தார். இளமைத் தோழியர் இருவர், முதுமையில் சொந்த ஊருக்குத் திரும்புகிற கதை அது. படத்தின் முதன்மைப் பாத்திரங்கள் அந்த இரண்டு மூதாட்டிகளே.

வணக்கம்.