பிர்ரோன் விட்டுப்போன சொல்

நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

சில மாதங்களுக்கு முன்பு ஒரு மொழிபெயர்ப்புப் படியைத் திருத்திக் கொடுக்கும் வேலை என்னிடம் வந்தது. பிரெஞ்சுச் சிந்தனையாளர்களைப் பற்றிய கட்டுரைகள். நடுவில் ஓரிடத்தில், "பிற்காலத்தில் அவர் பேரிழப்போடு வென்றவரானார்" என்று ஒரு வரி. முன்னும் பின்னும் போர் எதுவும் இல்லை. யாரை வென்றார், எதை இழந்தார் என்று ஒன்றும் பிடிபடவில்லை. ஆங்கில மூலத்தைப் புரட்டினேன். அங்கே இருந்த சொல் 'பிர்ரோனிஸ்ட்'. மொழிபெயர்த்தவர் அதைச் செய்தித்தாள்களில் அடிபடும் 'பிர்ரிக் வெற்றி' என்ற தொடரோடு சேர்த்துவிட்டார்.

அவரைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. இரண்டு சொல்லுக்கும் வேர் ஒன்றுதான். கிரேக்கத்தில் 'பிர்ரோஸ்' என்றால் நெருப்பு நிறம், செம்பட்டை. நம் ஊரில் வெள்ளையன், கருப்பையா என்று பெயர் வைப்பதைப் போல அங்கே அந்த நிறத்திலிருந்து பெயர்கள் பிறந்தன. அப்படிப் பெயர் பெற்ற இருவர் ஒரே காலத்தில் வாழ்ந்தார்கள். ஒருவர் எபிரஸ் நாட்டு மன்னர் பிர்ரஸ். கி.மு. 279இல் அஸ்குலம் என்ற இடத்தில் ரோமானியர்களை வென்று, அந்த வெற்றியிலேயே தன் படையில் பெரும்பகுதியைப் பறிகொடுத்தவர். பிர்ரிக் வெற்றி அவருடையது. மற்றவர் எலிஸ் நகரத்துப் பிர்ரோன். அவர் எந்தப் போரையும் வெல்லவில்லை, ஒரு நூலும் எழுதவில்லை. அவர் பெயரிலிருந்து வந்த, எதிலும் தீர்ப்புச் சொல்லாமல் நிற்கும் சிந்தனை மரபைக் குறிக்கும் பிர்ரோனியம் என்ற சொல்லைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன்.

எலிஸ் என்பது ஒலிம்பிக் போட்டிகள் நடந்த ஒலிம்பியாவை உள்ளடக்கிய பகுதி. பிர்ரோன் ஏறத்தாழ கி.மு. 360இல் அங்கே பிறந்தார். முதலில் ஓவியர், அதுவும் வறுமையில் இருந்த ஓவியர். தீப்பந்தம் ஏந்தி ஓடும் வீரர்களை எலிஸ் நகரத்து உடற்பயிற்சிக் கூடத்தில் அவர் தீட்டியிருந்ததாகப் பழைய குறிப்பு ஒன்று சொல்கிறது. பிறகு அனக்சார்கஸ் என்ற தத்துவவாதியிடம் சேர்ந்தார். குருவும் சீடரும் அலெக்சாந்தரின் படையோடு புறப்பட்டு இந்தியா வரை வந்தார்கள்.

தத்துவவாதிகளின் வாழ்க்கையைத் தொகுத்து எழுதிய டயோஜெனிஸ் லயர்டியஸ் (தாழிக்குள் குடியிருந்த டயோஜெனிஸ் வேறொருவர்) இந்தப் பயணத்தைப் பற்றி ஒரு செய்தி தருகிறார். ஆடையில்லாமல் திரிந்த இந்திய ஞானிகளைப் பிர்ரோன் கண்டு பழகினார். அவர்களில் ஒருவர் அனக்சார்கஸைப் பார்த்து, "மன்னர்களின் சபையில் காத்துக் கிடக்கும் நீ எப்படி மற்றவர்களுக்கு நன்மையைக் கற்றுத் தருவாய்?" என்று கடிந்துகொண்டாராம். சொன்னது குருவிடம். தைத்தது சீடனை. ஊர் திரும்பிய பிர்ரோன் கூட்டத்திலிருந்து ஒதுங்கி, சகோதரி ஃபிலிஸ்டாவோடு எளிய வாழ்க்கை வாழ்ந்தார். அந்த அம்மா பிரசவம் பார்க்கும் மருத்துவச்சி. பிர்ரோன் கோழியையும் பன்றிக்குட்டியையும் சந்தைக்குக் கொண்டுபோய் விற்பார், வீட்டைப் பெருக்குவார், பன்றியைக்கூடக் குளிப்பாட்டுவார்.

அவர் சொன்னது என்ன? சீடர் டைமன் வழியாக வந்துசேர்ந்த சுருக்கம் மூன்று கேள்விகளாக இருக்கிறது. பொருள்கள் தம் இயல்பில் எப்படிப்பட்டவை? அவற்றை நோக்கி நாம் எப்படி இருக்க வேண்டும்? அப்படி இருந்தால் என்ன கிடைக்கும்? பொருள்களை இன்னதென்று பிரித்து அறுதியிட முடியவில்லை. ஆகவே எதைப் பற்றியும் 'இருக்கிறது என்பதைவிட இல்லை என்பது கூடுதல் உண்மையும் இல்லை, இருந்தும் இல்லாமலும் இருக்கிறது என்பதும் அப்படியே, இருப்பதும் இல்லை இல்லாததும் இல்லை என்பதும் அப்படியே' என்று சாயாமல் நில். முதலில் பேச்சு அடங்கும், பிறகு கலக்கம் அடங்கும். இந்த நான்கு மூலைக் கணக்கு பௌத்த நூல்களைப் படித்தவர்களுக்குக் கேட்ட குரலாக இருக்கும். புத்தர் காலத்துச் சஞ்சயர் என்ற சிந்தனையாளர், மறுமை உண்டா என்று கேட்டபோது ஏறக்குறைய இப்படித்தான் நழுவினார் என்று பாலி நூல்கள் சொல்கின்றன. பிர்ரோன் இங்கிருந்துதான் எடுத்துப் போனாரா என்பதில் அறிஞர்கள் இன்னும் ஒத்துப்போகவில்லை. பிர்ரோனைப் பற்றிப் பேசும் இடத்தில் அந்த வழக்கை நான் தீர்த்துவைக்கப் போவதில்லை.

அவரைப் பற்றிய கதைகளில் இரண்டு எனக்கு மிகவும் பிடிக்கும். கடலில் புயல். கப்பலில் எல்லோரும் அலறுகிறார்கள். மேல்தளத்தில் ஒரு பன்றிக்குட்டி தன்பாட்டுக்குத் தின்றுகொண்டிருக்கிறது. அதைக் காட்டி, "அறிவுள்ளவன் இப்படி அசையாமல் இருக்க வேண்டும்" என்றார் பிர்ரோன். இன்னொன்று இதற்கு நேர் எதிர். ஒரு நாய் பாய்ந்து வர, அவரே வெலவெலத்துப் போனார். ஒருவர் குத்திக்காட்டியதும், "மனிதத்தன்மையை முழுக்கக் கழற்றிப் போடுவது கடினம்" என்று ஒப்புக்கொண்டார். அவர் வண்டியோ பள்ளமோ எதையும் பார்த்து ஒதுங்க மாட்டார், நண்பர்கள் கூடவே போய்க் காப்பாற்றுவார்கள் என்றும் ஒரு கதை உண்டு. பிற்காலத்துத் தத்துவவாதி ஈனெசிடமஸ் அதை மறுத்தார். முடிவு சொல்லாமல் இருந்தது சிந்தனையில்தான், நடக்கும்போது அவர் கவனமாகத்தான் நடந்தார் என்றார். பிர்ரோன் ஏறத்தாழ 90 வயது வாழ்ந்திருக்கிறார். கண்ணை மூடிக்கொண்டு பள்ளத்தை நோக்கி நடந்தவருக்கு அத்தனை ஆயுள் வாய்க்காது. எலிஸ் மக்கள் அவரைத் தலைமைப் பூசாரியாக்கினார்கள், அவரை முன்னிட்டுத் தத்துவவாதிகள் எல்லோருக்கும் வரிவிலக்கு அளித்தார்கள்.

நான் சொன்ன ஈனெசிடமஸ் கி.மு. முதல் நூற்றாண்டுக்காரர். பிர்ரோனின் பெயரை ஒரு மரபின் பெயராக மறுபடி நிறுத்தியவர் அவரே. அந்த மரபு இன்று நம் கைக்கு முழுதாகக் கிடைப்பதற்குக் காரணம் கி.பி. 2ஆம் நூற்றாண்டையொட்டி வாழ்ந்த செக்ஸ்டஸ் எம்பிரிகஸ் என்ற மருத்துவர். 'பிர்ரோனியச் சுருக்கம்' என்ற அவருடைய மூன்று பாக நூலின் முதல் பத்தியே சொல்லின் பொருளை வரையறுத்துவிடுகிறது. ஒன்றைத் தேடுகிறவர்கள் மூன்று வகை. கண்டுபிடித்துவிட்டோம் என்பவர்கள் ஒரு வகை. கண்டுபிடிக்கவே முடியாது என்பவர்கள் இரண்டாம் வகை. இன்னும் தேடிக்கொண்டிருப்பவர்கள் மூன்றாம் வகை. பிர்ரோனியர் மூன்றாம் வகை.

இந்த இடத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். 'எதையும் அறிய முடியாது' என்று அடித்துச் சொல்பவரும் ஒரு தீர்ப்பைச் சொல்லிவிட்டார். பிர்ரோனியர் அதையும் சொல்ல மாட்டார். 'ஸ்கெப்டிக்' என்ற கிரேக்கச் சொல்லுக்கே உற்றுப் பார்ப்பவர், ஆராய்பவர் என்றுதான் பொருள். அவர்கள் நிலைக்குக் கிரேக்கத்தில் 'எபோகே' என்று பெயர். தமிழில் இதற்கு நான் அகராதியைத் தேட வேண்டியிருக்கவில்லை. இரு தரப்பு வாதங்களும் முடிந்தபின் நீதிமன்றச் செய்தியில் வருமே, 'தீர்ப்பு தேதி குறிப்பிடாமல் ஒத்திவைக்கப்பட்டது' என்று. எபோகே அதுதான்.

செக்ஸ்டஸ் தரும் எடுத்துக்காட்டுகள் வீட்டுச் சாமான்களைப் போல எளிமையானவை. தேன் இனிப்பாகத் தெரிகிறது, அதை ஒப்புக்கொள்கிறோம். தேனின் இயல்பே இனிப்புதானா என்பதுதான் கேள்வி. தூரத்திலிருந்து வட்டமாகத் தெரியும் கோபுரம் கிட்டே போனால் சதுரம். நீருக்குள் துடுப்பு வளைந்து தெரிகிறது.

என் தாயாருக்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன் ஒரு கண்ணில் மட்டும் கண்புரை அறுவை நடந்தது. கட்டுப் பிரித்த மறுநாள் காலை, கொடியில் காய்ந்த தன் வெள்ளைச் சேலையைப் பார்த்துக்கொண்டு வெகுநேரம் நின்றார். ஒரு கண்ணைப் பொத்திப் பார்ப்பார், பிறகு மற்றக் கண்ணைப் பொத்துவார். "இந்தக் கண்ணுக்கு நீலம் போட்ட வெள்ளையாத் தெரியுது. அந்தக் கண்ணுக்குத் தேயிலைத் தண்ணியில நனைச்ச மாதிரி இருக்கு. எதுடா நெசம்?" என்றார். புதுக் கண்தான் என்று சொல்ல வாய் வரை வந்துவிட்டது. ஆனால் புதுக் கண்ணில் இருப்பது மருத்துவர் வைத்த செயற்கை லென்ஸ். இருபது வயதில் அவர் கண்ணுக்கு அந்தச் சேலை எப்படித் தெரிந்திருக்கும்? எனக்கு எப்படித் தெரிகிறது என்பது அவருக்குத் தெரியுமா? நான் பதில் சொல்லவில்லை. அவரும் விடாப்பிடியாகக் கேட்கவில்லை. சேலையை மடித்து உள்ளே எடுத்துப் போனார். மஞ்சள் காமாலைக்காரர் கண்ணை எடுத்துக்காட்டாக வைத்து செக்ஸ்டஸ் எழுதிய பக்கம் அன்று எனக்கு வேறு மாதிரிப் புரிந்தது.

தீர்ப்பை நிறுத்தினால் அமைதி எப்படி வரும்? அதற்கு செக்ஸ்டஸ் சொல்வது அபெலஸ் என்ற ஓவியரின் கதை. குதிரையின் வாய் நுரையை எத்தனை முறை தீட்டியும் அபெலஸுக்கு அமையவில்லை. வெறுத்துப்போய், தூரிகை துடைக்கும் கடற்பஞ்சைப் படத்தின்மேல் வீசினார். பஞ்சு பட்ட இடத்தில் நுரை அப்படியே வந்திருந்தது. அமைதியும் இப்படித்தான், முடிவைப் பிடித்துவிட்டால் அமைதி வரும் என்று ஓடி, பிடிக்க முடியாமல் நிறுத்தினோம், நிழல் உடலோடு வருவதைப் போல அது கூடவே வந்தது என்கிறார். ஓவியராகத் தொடங்கியவரின் பெயரைத் தாங்கிய மரபுக்கு ஓர் ஓவியரின் கதை பொருந்திவந்திருக்கிறது.

பிறகு இந்தச் சொல் பல நூற்றாண்டுகள் மேற்கு ஐரோப்பாவில் தூங்கியது. 1562இல் ஆன்ரி எஸ்டியென் என்ற அச்சகர் செக்ஸ்டஸின் சுருக்கத்தை லத்தீனில் வெளியிட்டபின் விழித்துக்கொண்டது. கிறிஸ்தவர்களில் கத்தோலிக்கரும் சீர்திருத்தக்காரரும் ஒருவரை ஒருவர் வெட்டிக்கொண்டிருந்த காலம் அது. பிரெஞ்சுக் கட்டுரையாளர் மோன்டேன் தம் படிப்பறையின் மேற்கூரை உத்தரங்களில் செக்ஸ்டஸின் வாசகங்களை எழுதிவைத்தார். 1576இல் சமநிலையில் நிற்கும் துலாக்கோலும் 'நிறுத்தி வைக்கிறேன்' என்ற கிரேக்கச் சொல்லும் பொறித்த பதக்கம் ஒன்றையும் செய்துகொண்டார்.

அங்கிருந்து சொல் தெருவுக்கு வந்தது. தெருவுக்கு வந்ததும் பொருள் திரிந்தது. 1664இல் பிரெஞ்சு நாடகாசிரியர் மோலியேர் 'கட்டாயக் கல்யாணம்' நாடகத்தில் மார்ஃபூரியஸ் என்று ஒரு பிர்ரோனியப் பண்டிதரை மேடையேற்றினார். கல்யாணம் செய்யலாமா என்று கேட்க வந்தவன் "வந்திருக்கிறேன்" என்கிறான். "வந்திருக்கிறேன் என்று சொல்லாதே, வந்திருப்பதாகத் தோன்றுகிறது என்று சொல்" என்கிறார் பண்டிதர். இப்படியே போய்க் கடைசியில் வந்தவன் தடியால் நாலு சாத்துச் சாத்துகிறான். பண்டிதர் அலற, "அடித்ததாக உமக்குத் தோன்றுகிறது என்று சொல்லும்" என்கிறான். கூட்டம் கைகொட்டியிருக்கும். ஆனால் செக்ஸ்டஸைப் படித்தவர்களுக்கு அந்தப் பண்டிதர் பிர்ரோனியரே இல்லை என்பது தெரியும். வலி வலிக்கிறது என்பதை எந்தப் பிர்ரோனியரும் மறுத்ததில்லை.

பிரெஞ்சுச் சிந்தனையாளர் பாஸ்கல், "பிர்ரோனியமே உண்மை" என்று ஒரு துண்டுக் குறிப்பில் எழுதினார். இன்னொன்றில், முழுமையான பிர்ரோனியர் ஒருவரும் இருந்ததில்லை, இயற்கை விடாது என்றார். வரலாற்று நூல்களை எவ்வளவு நம்பலாம் என்ற விவாதத்துக்கும் இதே சொல் போனது. பிரெஞ்சு எழுத்தாளர் வோல்தேர் 1768இல் எழுதிய நூலின் தலைப்பே 'வரலாற்றின் பிர்ரோனியம்'. அந்தச் சந்தேகத்துக்குப் பதில் தேடியவர்கள் நாணயங்களையும் கல்வெட்டுகளையும் புரட்டத் தொடங்கினார்கள். அது வரலாற்றுத் துறைக்குக் கிடைத்த நல்ல கூலி.

ஸ்காட்லாந்துத் தத்துவவாதி ஹ்யூம் 1748இல் வைத்த குற்றச்சாட்டுதான் இன்றைய அகராதிகளில் படிந்திருக்கிறது. பிர்ரோனியக் கொள்கை எங்கும் வென்றால் மனித வாழ்வே அழியும், யாரும் எதுவும் செய்யாமல் பட்டினி கிடந்து சாவார்கள் என்றார். ஹ்யூம் மீது எனக்கு மிகுந்த மதிப்பு உண்டு. இந்த இடத்தில் அவர் சொல்வதை ஏற்க என்னால் முடியவில்லை. செக்ஸ்டஸ் இதற்கு முன்கூட்டியே பதில் எழுதிவிட்டார். இயற்கை தந்த புலனும் அறிவும் வழிகாட்டும், பசி சோற்றிடமும் தாகம் தண்ணீரிடமும் கொண்டுபோகும், ஊர் வழக்கமும் சட்டமும் இருக்கின்றன, கற்ற தொழில் இருக்கிறது. இந்த நான்கையும் பற்றிக்கொண்டு வாழ்கிறோம் என்றார். அவரே வைத்தியம் பார்த்தவர்தானே.

ஆகவே இந்தச் சொல்லை இன்று எங்கேயாவது பார்த்தால், எந்தப் பொருளில் நிற்கிறது என்று கவனியுங்கள். தத்துவ நூல்களில் பெரும்பாலும் மரபின் பெயர். பொது எழுத்தில் 'எதையும் நம்பாத பிடிவாதம்' என்ற வசவு. தமிழில் முதல் பொருளுக்குப் பிர்ரோனியம் என்றே எழுதிவிடலாம். மார்க்சியம், காந்தியம் என்று ஆட்பெயரில் சொல் ஆக்கிப் பழகிய மொழி இது. இரண்டாவது பொருளுக்கு 'மட்டற்ற ஐயவாதம்' போதும். 'அவநம்பிக்கை' என்று மட்டும் தயவுசெய்து போடாதீர்கள். அவநம்பிக்கை கொண்டவர் முடிவுக்கு வந்துவிட்டவர், இவர் இன்னும் விசாரித்துக்கொண்டிருப்பவர். அந்தக் கட்டுரைப் படியில் நான் 'பிற்காலத்தில் அவர் பிர்ரோனியரானார்' என்று திருத்தி, ஓரத்தில் இரண்டு வரி விளக்கமும் எழுதிக் கொடுத்தேன்.

ஒரு செய்தி மிச்சமிருக்கிறது. இந்தப் பெயரே கூடாது என்று அந்த மரபுக்குள்ளேயே ஒருவர் வழக்காடியிருக்கிறார். தியோடோசியஸ் என்று பெயர். ஒருவர் மனம் எந்தப் பக்கம் அசைகிறது என்று இன்னொருவருக்குத் தெரியாது. பிர்ரோனின் மனம் எப்படி இருந்தது என்பதும் நமக்குத் தெரியாது. தெரியாதபோது நம்மைப் பிர்ரோனியர் என்று எப்படிச் சொல்லிக்கொள்வது என்று கேட்டார். செக்ஸ்டஸும் அந்தப் பெயரை விட்டுவிடவில்லை, அதற்காக மார்தட்டவும் இல்லை. பிர்ரோன் தமக்கு முன்னிருந்தவர்களைவிட வெளிப்படையாக இந்த வழியில் இறங்கியவராக 'எங்களுக்குத் தோன்றுகிறது', அதனால் இந்தப் பெயர் என்று எழுதி வைத்தார்.

வணக்கம்.