எழுபது வளைவும் எங்கள் பக்கமே!

நடுவர் அவர்களே, பெரியோர்களே, வணக்கம். நேரா விஷயத்துக்கு வந்துடறேன்.

மனசு நிறையிறது பேர்போன மலை நகரத்திலா, கிராமத்து மலையிலா? நாங்க கிராமத்து மலை. எதிரணி அண்ணன் ஊட்டி ரயிலைச் சொன்னார், கொடைக்கானல் ஏரியைச் சொன்னார். அழகுதான், மறுக்கலை. ஆனா போற போக்குல ஒண்ணு சொன்னார் பாருங்க: "கொல்லிமலையில என்ன இருக்கு? எழுபது வளைவும் எழுபது வாந்தியும்தான்!" நீங்களும் கை தட்டினீங்க. அந்தக் கைதட்டலைத் திருப்பி வாங்காம நான் உட்கார மாட்டேன்.

ஆமாங்க, அடிவாரத்துக் காரவள்ளியில ஏறினா 70 கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொண்ணுக்கும் நம்பர் போட்ட பலகை. ஒரு தடவை நாமக்கல்லேர்ந்து பஸ்ஸுல போறேன். முன் சீட்டுல ஒரு காலேஜ் பையன். பத்தாவது வளைவுல பாட்டை நிறுத்தினான். இருபதாவதுல பேச்சை நிறுத்தினான். முப்பதாவதுல ஜன்னலுக்கு வெளியே தலை, வாந்தி இப்பவோ அப்பவோ! பக்கத்துல மலைக்காரப் பாட்டி ஒருத்தங்க சுருக்குப்பையை அவிழ்த்தாங்க. வெத்தலைதான்னு நினைச்சேன். நாலு மிளகு! அவங்க தோட்டத்துல சில்வர் ஓக் மரத்துல ஏறின கொடியில பறிச்சது. "கடிக்காத கண்ணு, ஓரமா ஒதுக்கிக்கோ."

நாப்பதாவது வளைவு: பையன் நிமிர்ந்தான். ஐம்பது: "பாட்டி, இன்னும் ரெண்டு இருக்கா?" அறுபது: பாட்டி தோள்லயே தூங்கிட்டான்! மேல போனதும் பாட்டி இறங்கணும். கண்டக்டர் விசில் ஊதப் போறார். பாட்டி சொன்னாங்க: "சித்த இரு சாமி, புள்ள தலையை மெதுவா நகத்தி வச்சிட்டு இறங்கறேன்." டிரைவர் இன்ஜினையே அணைச்சிட்டார்! மறுபடி சொல்றேன், நல்லாக் கேளுங்க: பேர் தெரியாத ஒரு பையன் தூக்கம் கலையக் கூடாதுன்னு ஒரு பஸ்ஸே மூச்சை அடக்கி நின்னுச்சு! அண்ணே, எழுபது வாந்தின்னீங்களே, ஒண்ணாவது வந்துச்சா? இப்பத் தட்டுங்க!

என்ன இருக்குன்னு கேட்டார். ஆயிரத்துக்கும் மேல படி இறங்கினா 300 அடி உயரத்துலேர்ந்து ஆகாயகங்கை விழுது. மேல அறப்பளீஸ்வரர் கோயில். எல்லாத்துக்கும் மேல, இது கடையெழு வள்ளல்ல ஒருத்தனான வல்வில் ஓரி ஆண்ட மலை! ஒரே அம்பு, யானை, புலி, மான், பன்றி, உடும்பு வரைக்கும் துளைச்சுதுன்னு சங்கப் புலவர் வன்பரணர் பாடினார். காட்டுல வந்த பாணர் கூட்டத்துக்குக் கறியும் பொன்னும் மணியும் அள்ளிக் கொடுத்தவன், தன்னைப் புகழ்ந்ததைக் கேட்டு நாணினானாம். ஓரி பொன் கொடுத்தான், பாட்டி மிளகு கொடுத்தாங்க. ரெண்டு பேருமே வந்தவன் யாருன்னு விசாரிக்கலை!

அந்த மலையில சாமைக் காடெல்லாம் மரவள்ளிக் காடாச்சு. காசு வேணுமே, குறை சொல்ல முடியாது. இருந்தாலும் சில வீட்டுப் பொம்பளைங்க சாமை விதையை விடலை. எம்.எஸ். சுவாமிநாதன் ஆய்வு நிறுவனம் மூலமா அரைக்கிற மெஷின் வர்ற வரைக்கும் உரல்ல போட்டுக் கையாலதான் குத்தினாங்க. உள்ளங்கையெல்லாம் காய்ப்பு. நாம உண்டு முடிச்சு எழுந்து போற ஒரு வட்டில் சாமைச் சோத்துக்கு எத்தனை அம்மாக்கள் தோள்வலி!

நடுவர் அவர்களே, மணி அடிச்சுட்டீங்க. தீர்ப்பு எழுதறப்ப அந்தக் கைகளை நினைச்சுக்குங்க. கிராமத்து மலைக்கே தீர்ப்பு கேட்டு விடைபெறுறேன். நன்றி, வணக்கம்.