கிங் தெருவில் இரண்டு கோயில்கள்

எல்லாருக்கும் வணக்கம். தரங்கம்பாடி என்றதும் டேனிஷ் கோட்டை, கடற்கரை, சீகன்பால்கு ஐயரின் அச்சுக்கூடம் என்று எல்லாம் வரிசையாக நினைவுக்கு வந்துவிடும். அவற்றையெல்லாம் நீங்கள் நிறையக் கேட்டிருப்பீர்கள். இன்று புதிய எருசலேம் ஆலயத்தைப் பற்றி மட்டும் பேசிக்கொள்வோம்.

நகர வாசலில் நுழைந்து கிங் தெருவில் கோட்டையைப் பார்த்து நடந்தால், கொஞ்ச நேரத்தில் ஊர் முடிந்து கடல் வந்துவிடும். அவ்வளவு சின்ன ஊர். அந்த ஒரே தெருவில், கூப்பிடு தூரத்தில், இரண்டு பழைய ஆலயங்கள். சீயோன் ஆலயம் 1701-ல் கட்டியது. புதிய எருசலேம் 1718. இரண்டுக்கும் மேலே பறந்தது ஒரே டென்மார்க் கொடி. இரண்டும் லுத்தரன் மார்க்கத்தார் கட்டியவை. பதினேழு வருஷத்துக்குள் இன்னொரு கோயில் எதற்கு?

டேனிஷ்காரர்கள் இங்கே வந்தது வியாபாரத்துக்கு. 1620-ல் தஞ்சாவூர் ரகுநாத நாயக்கரோடு ஒப்பந்தம் போட்டு இடம் வாங்கினார்கள், டேன்ஸ்பர்க் கோட்டையைக் கட்டினார்கள். எண்பது வருஷம் கோட்டைக்குள்ளேயே ஜெபம் நடந்தது. சீயோன் ஆலயம் வந்தபோது அதுவும் டேனிஷ் வியாபாரக் கம்பெனியின் அதிகாரிகள், சிப்பாய்கள், அவர்கள் குடும்பங்களுக்காகத்தான். ஊர்க்காரர்களுக்கு மதம் சொல்வது கம்பெனியின் வேலைத் திட்டத்திலேயே இல்லை. வியாபாரத்துக்கு இடைஞ்சல் என்றுதான் நினைத்தார்கள்.

ஆனால் டென்மார்க் ராஜா நான்காம் ஃபிரெடரிக் வேறு மாதிரி நினைத்தார். அவர் அனுப்பி 1706 ஜூலையில் இரண்டு ஜெர்மானியர்கள் வந்து இறங்கினார்கள்: பர்த்தலோமேயு சீகன்பால்கு, ஹைன்ரிக் புளுட்சோ. ராஜாவின் ஆட்கள்தான், ஆனாலும் ராஜாவின் கம்பெனிக்கு அவர்களைப் பிடிக்கவில்லை. கோட்டைத் தலைவர் ஹாசியஸோடு தகராறு முற்றி, 1708 கடைசியில் சீகன்பால்கைக் கோட்டையிலேயே அடைத்து வைத்தார்கள். நாலு மாதம்.

அவரிடம் முதலில் வந்தவர்கள் யார் என்று பார்த்தால் இந்தக் கோபம் புரியும். 1707 மே மாதம் ஞானஸ்நானம் பெற்ற முதல் ஐந்து பேரும் ஐரோப்பியர் வீடுகளில் அடிமைகளாக இருந்தவர்கள். எஜமான் சீயோன் ஆலயத்தில் உட்கார்ந்திருக்கிறான். அவன் வீட்டு அடிமை எங்கே உட்காருவது? அதே வருஷம் ஆகஸ்டில் கடற்கரைப் பக்கம் எருசலேம் என்ற பெயரில் ஒரு சின்ன ஆலயம் எழுந்தது. தமிழிலும் போர்ச்சுக்கீசிலும் ஆராதனை நடந்தது. கலப்புக் குடும்பத்தாருக்கும் வீட்டு வேலைக்காரர்கள் பலருக்கும் அன்றைக்குப் பேச்சுமொழி போர்ச்சுக்கீசுதான். தெருவில் இரண்டு கோயில் வந்ததற்குக் காரணம் இதுதான்.

அந்த முதல் ஆலயம் நிலைக்கவில்லை. கடல் அதை விடவில்லை. அதே கரையில் 1306-ல் குலசேகர பாண்டியன் காலத்தில் கட்டிய மாசிலாமணிநாதர் கோயிலையும் அலை தின்றிருக்கிறது. அந்தக் கடலுக்குச் சிவன் கோயில், கிறிஸ்தவக் கோயில் என்ற பேதமெல்லாம் கிடையாது.

ஐரோப்பா போயிருந்த சீகன்பால்கு 1716-ல் மனைவி மரியா டோரத்தேயாவோடு திரும்பினார். இந்த முறை கடற்கரையை விட்டுக் கொஞ்சம் உள்ளே தள்ளி, கிங் தெருவில் இடம். 1717 பிப்ரவரி 9-ல் அஸ்திபாரக் கல் வைத்தார்கள், 1718 அக்டோபர் 11-ல் பிரதிஷ்டை. இருபது மாதத்தில் வேலையை முடித்துவிட்டார்கள்.

இப்போது கட்டடத்துக்கு வருவோம். தெருவில் நின்று நிமிர்ந்து பார்த்தால் முகப்பில் ஒரு கிரீடம், அதன் கீழே நான்காம் ஃபிரெடரிக்கின் பெயர்ச் சின்னம், 1718 என்ற வருஷம். பக்திக்காக மட்டும் வைத்த அலங்காரமாக எனக்கு அது படவில்லை. கம்பெனிக்காரன் தினமும் அந்த வழியாகத்தான் போக வேண்டும். 'இது ராஜா வீட்டுக் காரியம், கை வைக்காதே' என்று சுவரிலேயே எழுதி வைத்தது மாதிரி. சிறையில் கிடந்துவிட்டு வந்த மனுஷர் அல்லவா!

முகப்பு ஐரோப்பாவைப் பார்த்துச் செய்தது. உள்ளே தரைப்படம் சிலுவை வடிவம், கைகள் ஏறக்குறைய சம நீளம். நீண்ட மண்டபமாக இருந்தால் பின்னால் உட்கார்ந்தவனுக்குப் பிரசங்கம் எட்டாது. சிலுவை அமைப்பில் நடுவே நின்று பேசுகிறவர் எல்லாருக்கும் பக்கம். லுத்தரன் ஆராதனையில் உபதேசம்தான் பிரதானம் என்பதால் இந்த வடிவம் அவர்களுக்குப் பொருந்தி வந்திருக்க வேண்டும். சுவர்கள் செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும். உப்புக்காற்று அடிக்கிற ஊரில் சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை உள்ளே வாங்கும், வெளியே விடவும் செய்யும். இந்த மாதிரிப் பழைய சுவரில் சிமெண்டைப் பூசினால் ஈரம் உள்ளேயே சிக்கி, உப்பு பூத்து, செங்கல் பொரிந்து உதிரும். பழைய கோயிலுக்கு மராமத்து பார்க்கிற சபைகள் எல்லாம் இதைக் கொஞ்சம் கவனிக்க வேண்டும். சரி, அது வேறு பேச்சு.

பிரதிஷ்டையாகி ஐந்து மாதம்கூட ஆகவில்லை, 1719 பிப்ரவரி 23-ல் சீகன்பால்கு இறந்துபோனார். வயது 36. பலிபீடத்துக்கு முன்னால் அவரை அடக்கம் செய்தார்கள். கூட உழைத்த கிரண்ட்லர் அடுத்த வருஷமே போய்ச் சேர்ந்தார், அவரும் அங்கேதான்.

அடிமைக்கு இடம் கொடுக்க எழுந்த கோயில் என்று சொல்லி நான் இங்கேயே முடித்துவிட்டால் பேச்சு இனிப்பாக இருக்கும். ஆனால் நடந்தது அப்படியே இல்லை. அந்தச் சபைக்குள்ளும் வெள்ளாளர் ஒரு பக்கம், பறையர் ஒரு பக்கம் என்று தனித்தனியாகத்தான் உட்கார்ந்தார்கள். 1733-ல் ஆரோன் குருப்பட்டம் பெற்றார். சீர்திருத்தச் சபைகளில் முதல் இந்தியக் குரு அவர், பிறப்பால் வெள்ளாளர். அதே காலத்தில் ராஜநாயக்கன் என்று ஒரு உபதேசியார் இருந்தார். தஞ்சாவூர்ப் படையில் சேவகம் பார்த்தவர், தைரியசாலி, சபையை வளர்த்தவர். அவருக்கும் பட்டம் கொடுக்கலாம் என்ற பேச்சு வந்தது. அவர் பறையர். அவர் கையால் வெள்ளாளக் கிறிஸ்தவர்கள் நற்கருணை வாங்க மாட்டார்களே என்று மிஷனெரிகள் தயங்கினார்கள். பட்டம் கடைசிவரை கிடைக்கவில்லை. ஆரோன் பெயரைச் சொல்லும் மேடைகள் நிறைய உண்டு. ராஜநாயக்கன் பெயரையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்பது என் கட்சி.

1845-ல் டேனிஷ்காரர்கள் ஊரைப் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலேயரிடம் விற்றுவிட்டுக் கிளம்பினார்கள். இன்று சீயோன் ஆலயம் தென்னிந்தியத் திருச்சபையிடம், புதிய எருசலேம் 1919-ல் உருவான தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபையிடம். இரண்டிலும் தமிழ் ஆராதனைதான்.

போகிறவர்கள் முகப்பைப் படம் எடுத்ததோடு திரும்பிவிடாதீர்கள். பூட்டியிருந்தால் அக்கம்பக்கத்தில் கேட்டு, ஆலயத்தைக் கவனித்துக்கொள்கிற கோயில் பிள்ளையைக் கூப்பிடுங்கள். உள்ளே போய் முதலில் சிலுவையின் பக்கவாட்டுக் கையில் ஒரு ஓரமாக உட்காருங்கள், அங்கிருந்து பலிபீடம் எப்படித் தெரிகிறது என்று பாருங்கள். அப்புறம் கல்லறைக்குப் போகலாம். நேரம் ஆகிவிட்டது, கேள்விகள் இருந்தால் கேளுங்கள்.